பாவையைத் திருப்பினால் கை மாறும்

(கொழிஞ்சாம்பாறையில் மாலைக் கூட்டம் ஒன்றில் நிகழ்த்திய உரையின் எழுத்து வடிவம்)

பெரியோர்களுக்கும் பிள்ளைகளுக்கும் வணக்கம். சண்டை வீடியோ கேம்களில் தட்டைப் படமும் முப்பரிமாணப் படமும் எப்படி வேலை செய்கின்றன என்பதைப் பற்றி வாசகசாலையில் என்ன பேச்சு வேண்டிக்கிடக்கிறது என்று முன்வரிசையில் சிலர் யோசிப்பது முகத்திலேயே தெரிகிறது. அதனால் உங்களுக்குப் பழகிய இடத்திலிருந்தே தொடங்குகிறேன்.

நம் பாலக்காட்டுப் பக்கத்துப் பகவதி கோயில்களில் தோல்பாவைக்கூத்து நடக்கும் கூத்துமாடம் பார்த்திருப்பீர்கள். 42 அடி நீளம், திரைக்குப் பின்னால் தேங்காய் மூடியில் எரியும் 21 விளக்குகள், தோலில் வெட்டிய பாவைகள், கூடவே கம்பன் பாட்டு. அங்கே ஒரு விஷயத்தைக் கவனியுங்கள். ராமன் உட்கார ஒரு பாவை, நிற்க ஒரு பாவை, நடக்க ஒன்று, சண்டைக்கு ஒன்று. பாவையின் கை அசையும். ஆனால் நிலை மாற வேண்டுமென்றால் பாவையையே மாற்ற வேண்டும். 1991இல் கேப்காம் நிறுவனம் வெளியிட்ட, கடையில் காசு போட்டு ஆடும் சண்டை ஆட்டமான ஸ்ட்ரீட் ஃபைட்டர் 2 செய்ததும் இதைத்தான். பாவைக்கு அங்கே பெயர் ஸ்ப்ரைட். அவ்வளவுதான் வித்தியாசம்.

கணக்கைப் பார்ப்போம். அந்த ஆட்டத்தின் திரை அகலம் 384 புள்ளி (பிக்சல்), உயரம் 224. படங்களை 16க்கு 16 கட்டங்களாக நறுக்கி வைத்திருப்பார்கள். ஒரு கட்டத்துக்கு 15 நிறமும், பின்னணி தெரிய ஒரு வெறுமையும். ஆக ஒரு புள்ளிக்கு 4 பிட், ஒரு கட்டத்துக்கு 128 பைட். 100 புள்ளி உயரமுள்ள ஆளை மூட ஏறக்குறைய 6க்கு 7, அதாவது 42 கட்டம் வேண்டும். ஒரே ஒரு நிலைக்கு 5 கேபிக்கு மேல் போகிறது. ஓர் ஆளுக்கு 200 நிலை என்று வைத்துக்கொண்டால் 1 எம்பியைத் தாண்டிவிடும். அந்தக் காலத்து சிப்பின் விலைக்கு இது கட்டுபடியாகாது. காலிக் கட்டங்களைத் தள்ளிவிட்டு, ஒரே மாதிரி இருக்கும் கட்டங்களை மறுபடி பயன்படுத்தித்தான் சமாளித்தார்கள்.

இன்னொரு சிக்கனம், பாவையைத் திருப்பிப் பிடிப்பது. வலப்பக்கம் பார்க்கும் தோல்பாவையை மறுபுறம் திருப்பினால் இடப்பக்கம் பார்க்கும், ஆனால் வில் பிடித்த கை மாறிவிடும். ஸ்ட்ரீட் ஃபைட்டரில் சகாத் என்ற சண்டைக்காரன் ஒற்றைக்கண்ணன். இடப்பக்கம் நின்றால் ஒரு கண்ணில் பட்டை, வலப்பக்கம் போனால் மறு கண்ணில். ஆட்டக்காரர்கள் யாரும் இதைக் குறையாக எடுத்துக்கொள்ளவில்லை. எந்தப் பக்கம் நின்றாலும் ஆள் ஒரே மாதிரி தெரிகிறான், ஒரே மாதிரி அடிக்கிறான், எதிராளிக்குக் குழப்பமில்லை. இந்த இடத்தை மனதில் வையுங்கள், திரும்ப வருவேன்.

தட்டைப் படம் கடை மெஷினிலிருந்து வீட்டுக் கருவிகளுக்கு வந்தபோது எங்கே முட்டியது? நினைவகத்தில். முதல் பிளேஸ்டேஷனுக்கு முதன்மை நினைவகம் 2 எம்பி, படத்துக்கு 1 எம்பி. எக்ஸ்மென் எதிர் ஸ்ட்ரீட் ஃபைட்டர் ஆட்டத்தில் ஓர் அணிக்கு இரண்டு பேர், நடுச்சண்டையில் ஆள் மாற்றலாம். நான்கு பேரின் படங்களும் அதில் கொள்ளவில்லை. பிளேஸ்டேஷனில் அந்த ஆள்மாற்றமே போய்விட்டது. சேகா நிறுவனத்தின் சாட்டர்ன் கருவியிலோ 4 எம்பி நினைவக அட்டையைத் தனியே செருகவேண்டி வந்தது.

இப்போது மறுபக்கம். 1993இல் யூ சுசுகி தலைமையில் சேகா, விர்சுவா ஃபைட்டரைக் கொண்டுவந்தது. மாடல் 1 என்ற போர்டு, வினாடிக்கு 1,80,000 பாலிகன், அதாவது உருவத்தை ஒட்டிச்சேர்க்கும் தட்டைப் பட்டைகள். ஆட்டம் வினாடிக்கு 30 பிரேம், அதாவது திரை 30 முறை புதிதாக வரையப்படும். வகுத்தால் ஒரு பிரேமுக்கு 6,000. இரண்டு ஆள், மேடை, பின்னணி எல்லாம் அதற்குள். முகம் நாலு பட்டை, மார்பு நாலு பட்டை. முழங்கையில் தோல் வளையாது, இரண்டு கட்டை சந்திக்கும். சுருக்கமாகச் சொன்னால் மரப்பாச்சி. அடுத்த வருஷமே விர்சுவா ஃபைட்டர் 2 மாடல் 2 போர்டில் வந்தது. பாலிகன் மேல் டெக்ஸ்சர் என்னும் படத்தோலை ஒட்டி, 60 பிரேமில் ஓடியது.

மரப்பாச்சிக்காக யார் ஏன் காசு போட்டார்கள்? அசைவுக்காக. 20 எலும்பு, ஒவ்வொன்றுக்கும் மூன்று கோணம், கோணத்துக்கு 2 பைட் என்றால் ஒரு நிலைக்கு 120 பைட். ஸ்ப்ரைட்டில் இதற்கே 5 கேபி ஆனது. அந்த மிச்சத்தில் ஒவ்வொரு பிரேமுக்கும் புது நிலை வைக்கலாம், சட்டையை மாற்றலாம், அடுத்த கருவியில் திரை பெரிதானால் மறுபடி வரையாமல் அப்படியே பெரிதாகக் காட்டலாம். தட்டைப் படத்தில் திரையின் அகலமும் உயரமும் இரட்டித்தால் நான்கு மடங்கு புள்ளிகளை மனிதக் கை வரைய வேண்டும். ஓவியர் சம்பளம்தான் ஸ்ப்ரைட்டை வீழ்த்தியது என்பது என் கட்சி. அழகில் அது தோற்கவில்லை. 1999இல் வந்த ஸ்ட்ரீட் ஃபைட்டர் 3 தேர்ட் ஸ்ட்ரைக்கை இன்றைக்கு ஓடவிட்டுப் பாருங்கள், அதே காலத்துப் பாலிகன் ஆட்டங்களையும் பக்கத்தில் ஓடவிடுங்கள். எது கிழடு தட்டிப்போனது என்று நான் சொல்ல வேண்டியதில்லை.

இனிதான் பலரும் குழப்பிக்கொள்ளும் இடம். படம் முப்பரிமாணமாவது வேறு, தரை முப்பரிமாணமாவது வேறு. இரண்டும் ஒன்றாக வரவில்லை. 1991இலேயே எஸ்என்கேயின் ஃபேட்டல் ஃப்யூரியில் முன்வரிசை, பின்வரிசை என்று இரண்டு தடம் இருந்தது. படமோ முழுத் தட்டை. மாறாக முதல் விர்சுவா ஃபைட்டரும் 1994இல் வந்த முதல் டெக்கனும் பார்க்க முப்பரிமாணமாக இருந்தாலும், சண்டை பெரும்பாலும் ஒரே கோட்டில்தான். 1996இல் விர்சுவா ஃபைட்டர் 3 விலகுவதற்கென்றே ஒரு பட்டனும், மேடு பள்ளமான தரையும் வைத்தது. 1997இல் டெக்கன் 3 எல்லோருக்கும் பக்க நகர்வைக் கொடுத்தது, பழைய டெக்கனின் காற்றில் மிதக்கும் குதியையும் குறைத்தது. நம் ஊர்க் கடைகளில் எடி என்ற ஆளை எடுத்துக்கொண்டு உதை பட்டனைப் போட்டு அமுக்கி எடுத்த அதே ஆட்டம்தான். 1998இல் சோல்காலிபர் எட்டுத் திசையிலும் நடக்கவிட்டது.

தரைக்கு ஆழம் வந்ததும் என்னென்ன மாறியது? முதலில், தூரத்திலிருந்து எதிராளி மேல் எறியும் நெருப்புப்பந்து செத்தது. ஒற்றைக் கோட்டில் அது சுவர். குதிக்கணும், தடுக்கணும், வேறு வழியில்லை. ஆழமுள்ள தரையில் அரையடி விலகினால் பந்து தன்பாட்டுக்குப் போய்விடும். அதனால்தான் இந்த வகை ஆட்டங்களில் தூர அடி அபூர்வம். அதற்குப் பதிலாக நேர் அடி, வீச்சு அடி என்ற பிரிவு வந்தது. நேர் அடியை விலகித் தப்பலாம், வீச்சு அடி விலகுபவனை வாரிக்கொள்ளும். சோல்காலிபரில் இந்த இரண்டுக்கும் தனித்தனிப் பட்டனே உண்டு.

இப்படியோர் ஆட்டத்தை நீங்களே செய்து பார்த்தால் முதலில் கெடுவது இங்கேதான். இருவருக்கும் இடையே 2 மீட்டர் என்று வையுங்கள். உடம்பின் பாதி அகலம் 0.3 மீட்டர், குத்தும் கைமுட்டியின் பாதி 0.1. தப்பிக்க 0.4 மீட்டருக்கு மேல் விலக வேண்டும், 0.5 வைத்தால் போதும். அடிப்பவன் பார்வையில் அது சுமார் 14 டிகிரி. இப்போது ஆள் எப்போதும் எதிராளியைப் பார்த்தே நிற்கட்டும் என்று நிரல் எழுதிவிட்டால், குத்து பாதி வழி போகும்போதே அந்த 14 டிகிரியும் திரும்பிவிடும். விலகியவன் மேல் அடி விழும். விலகல் வேலை செய்யவில்லை என்று தூரத்தை 0.8, 1 என்று கூட்டிக்கொண்டே போவார்கள். ஆள் பாம்புபோல வழுக்குவான். மருந்து தூரத்தில் இல்லை. நேர் அடிக்கு, அடி கிளம்பும் பிரேமிலேயே திரும்புவதை நிறுத்துங்கள். வீச்சு அடிக்கு, படும் பிரேம் வரை திரும்ப விடுங்கள்.

அடுத்தது கேமரா. இருவரையும் இணைக்கும் கோட்டின் நடுப்புள்ளியை எடுத்து, கோட்டுக்குச் செங்குத்தாகக் கேமராவை வைக்க வேண்டும். செங்குத்துக்கு இரண்டு பக்கம் உண்டு. போன பிரேமில் கேமரா எங்கே இருந்ததோ அதற்கு அருகிலுள்ள பக்கத்தைத் தேர்ந்தெடுக்கச் சொல்லாவிட்டால், ஒருவன் மற்றவனைத் தாண்டிக் குதித்த நொடியில் உலகமே புரளும். சுவர் உள்ள மேடையில் கேமரா சுவருக்கு வெளியே போகும்; வெளிப்பக்கத்திலிருந்து பார்த்தால் சுவர் தெரியாதபடி ஒருபக்கச் சுவராக வையுங்கள். பின்னால் போவது என்பதும் திரையின் இடது வலது அல்ல, எதிராளியிடமிருந்து விலகுவது. பின்னால் அமுக்கித் தடுக்கும் ஆட்டத்தில் அதைக் கேமராவோடு கட்டிவைத்தால் தடுப்பு கைவிட்டுப் போகும்.

சகாத்தின் கண்பட்டைக்கு வருகிறேன். டெக்கனில் இடக்கை குத்துக்கு ஒரு பட்டன், வலக்கைக்கு ஒன்று, கால்களுக்கும் அப்படியே. ஆள் பக்கம் மாறினால் கண்ணாடிப் பிம்பமாக மாறுவதில்லை. ஒரு பக்கத்தில் மார்பு தெரியும், மறுபக்கத்தில் முதுகு. இடக்கை இடக்கையாகவே இருக்கும். நியாயமான ஏற்பாடு. ஆனால் பழகுபவனுக்கு ஒவ்வோர் அடியையும் இரண்டு கோணத்தில் கண் கற்க வேண்டும்.

பிறகு மூன்றாவது வழி. முப்பரிமாணப் படம், தட்டையான தரை. 1996இல் ஸ்ட்ரீட் ஃபைட்டர் ஈஎக்ஸ் முயன்றது, 2008இல் ஸ்ட்ரீட் ஃபைட்டர் 4 நிலைநாட்டியது. 2011இல் மார்ட்டல் காம்பாட்டும் அந்தக் கோட்டுக்கே திரும்பியது. இதில் ஆள் பாலிகன், அடி படுவதைக் கணக்கிடுவது கண்ணுக்குத் தெரியாத பழைய செவ்வகப் பெட்டிகள். அகலக் கோணக் கேமரா வைத்தால் இங்கே ஏமாற்றும். திரை ஓரத்தில், கேமராவுக்குச் சற்று அருகிலுள்ள கை ஓரத்தை நோக்கி விலகித் தெரியும், பின்னால் உள்ள கை நடுவை நோக்கி. பெட்டி ஓரிடம், கை ஓரிடம். கேமராவைத் தொலைவில் தள்ளி, கோணத்தை 20, 25 டிகிரிக்குக் குறையுங்கள். போய்விடும்.

இன்னொரு நோய் வழவழப்பு. ஸ்ட்ரீட் ஃபைட்டர் 6இல் பலருடைய வேகமான குத்து 4ஆவது பிரேமில் படுகிறது. 60 பிரேம் கணக்கில் வினாடியில் பதினைந்தில் ஒரு பங்கு. டெக்கனில் சாதாரணக் குத்து 10ஆவது பிரேம். ஓவியர் வரைந்தபோது கை பின்னால் ஒரு படம், நீட்டியபடி ஒரு படம், நடுவே ஒன்றுமில்லை. அந்த வெட்டில்தான் வலிமை. கணினியோ இரண்டு நிலைக்கும் நடுவே தானாக நிரப்பி, குத்தைத் தண்ணீருக்குள் நடப்பதுபோல ஆக்கிவிடும். 2014இல் ஆர்க் சிஸ்டம் ஒர்க்ஸ் தந்த கில்டி கியர் எக்ஸ்ஆர்டி இதற்கு முகம் கொடுத்தது. நடு நிரப்பலை அணைத்துவிட்டு, ஒவ்வொரு நிலையையும் கையால் வைத்து, இரண்டு மூன்று பிரேம் அப்படியே நிறுத்தினார்கள். நிழலை இரண்டே படியாக வெட்டினார்கள். ஆளுக்கு ஆள் தனி விளக்கு.

பிளெண்டர் என்ற முப்பரிமாண மென்பொருளில் இதைச் செய்வது கடினமில்லை. கீபிரேம்களை, அதாவது கையால் வைத்த நிலைகளை, தேர்ந்தெடுத்து, நடு நிரப்பலான இன்டர்போலேஷனைக் கான்ஸ்டன்ட் ஆக்குங்கள். ஓரக் கோட்டுக்கு சாலிடிஃபை மாடிஃபையர் போட்டு, ஃப்ளிப் நார்மல்ஸை டிக் செய்து, மெட்டீரியல் ஆஃப்செட்டை 1 ஆக்குங்கள். இரண்டாவது மெட்டீரியல் தட்டையான கருப்பு, அதில் பட்டைகளின் பின்பக்கத்தை மறைக்கும் பேக்ஃபேஸ் கல்லிங் போடப்பட்டிருக்க வேண்டும். மறந்தால் ஆள் முழுக்கக் கரியாகிவிடுவான். மூலைகளில் கோடு பிளந்தால், ஆட்ட எஞ்சினுக்கு அனுப்பும்போது நார்மல்கள் (பரப்பு எந்தத் திசையைப் பார்க்கிறது என்ற குறிப்புகள்) பிரிந்திருக்கின்றன என்று பொருள். முகத்தில் மூக்கருகே நிழல் துடித்தால் பாலிகனைக் கூட்டாதீர்கள், இன்னும் மோசமாகும். முட்டைபோல மழமழப்பான ஒரு வடிவத்தை முகத்தின் மேல் வைத்து, டேட்டா ட்ரான்ஸ்ஃபர் மூலம் அதன் நார்மல்களை முகத்துக்கு மாற்றுங்கள்.

கூட்டத்தில் பாலிடெக்னிக் பையன் ஒருவர் கேட்டார்: நம் தோல்பாவையையே வைத்துச் சண்டை கேம் செய்தால் எந்த வழி? நான் சொன்னது: தட்டைப் படம், தட்டைத் தரை. பாவைகளை ஸ்கேன் செய்து, அசையும் மூட்டுகளில் மட்டும் எலும்பு வையுங்கள். நிலை மாறும்போது கூத்தில் செய்வதுபோலப் பாவையையே மாற்றுங்கள், நடுவே நிரப்பாதீர்கள். பக்கம் மாறும்போது திருப்பிவிடுங்கள், வில் கை மாறினால் மாறட்டும். விளக்கின் நடுக்கம் வேண்டுமென்றால் திரைச்சீலையின் வெளிச்சத்தில் மட்டும் வையுங்கள். பாவையின் ஓரக்கோட்டில் நடுக்கத்தைப் போட்டால் அம்பு பட்டதா படவில்லையா என்று ஆடுபவனுக்குத் தெரியாது.