14 வேகன் மீன்

நேயர்களுக்கு வணக்கம்.

கஜகஸ்தானில் ஆரல்ஸ்க் என்ற ஊரின் ரயில் நிலையச் சுவரில், வண்ணச் சில்லுகள் பதித்த ஓர் ஓவியம் இருக்கிறது. மீனவர்களும் மீனும் நிறைந்த ஓவியம். லெனின் எழுதிய கடிதத்துக்குப் பதிலாக 14 வேகன் மீன் அனுப்புகிறோம் என்று அதில் எழுதியிருக்கிறார்கள்.

1921இல் ரஷ்யாவின் வோல்கா ஆற்றங்கரையில் கொடும் பஞ்சம். உங்கள் மீனில் ஒரு பங்கைப் பட்டினி கிடப்பவர்களுக்குக் கொடுங்கள் என்று ஆரல் கடல் மீனவர்களுக்கு அக்டோபர் மாதம் லெனின் எழுதினார். கொடுத்தார்கள். முகம் தெரியாதவர்களின் பசிக்குத் தன் வலையிலிருந்து அள்ளிக் கொடுத்த ஊர் அது. அந்த ஊருக்கு நேர்ந்ததை நினைத்தால் எனக்கு மனம் ஆறுவதில்லை.

ஆரல் ஓர் ஏரிதான். ஆனால் கரையில் வாழ்ந்தவர்கள் அதைத் 'தெங்கிஸ்' என்றார்கள்; கசாக் மொழியில் கடல் என்று பொருள். 1960இல் அதன் பரப்பு ஏறத்தாழ 68,000 சதுர கிலோமீட்டர். பருத்தி விளைவிப்பதற்காக ஆமு தாரியா, சிர் தாரியா ஆறுகளின் நீரைச் சோவியத் அரசு வயல்களுக்குத் திருப்பியது. கடல் வற்றத் தொடங்கியது. கப்பல்களுக்காக ஆரல்ஸ்க் துறைமுகத்திலிருந்து கால்வாய் வெட்டிப் பார்த்தார்கள். தண்ணீர் அதற்கும் எட்டாமல் விலகிப் போனது. உப்பு ஏற ஏற மீன்கள் அழிந்தன. பாரந்தூக்கிகள் மட்டும் மணலைப் பார்த்தபடி நின்றன.

இதில் என்னை உலுக்குவது ஒன்று உண்டு. கடல் போன பிறகும் மீன் ஆலை ஓடியது. ஊர்க்காரர்களின் வேலை போய்விடக் கூடாது என்று பால்டிக்கிலிருந்தும் பசிபிக்கிலிருந்தும் உறைந்த மீனை ரயிலில் கொண்டுவந்தார்கள். ஒரு காலத்தில் 14 வேகன் மீனை வழியனுப்பிய ஊருக்கு, எங்கோ பிடித்த மீன் வந்து இறங்கியது. பிடித்துப் பழகிய கைகள் அதை வெட்டிப் பதனிட்டன. 1991இல் சோவியத் ஒன்றியம் கலைந்தது. அந்த மீனும் நின்றது.

2005இல் கோக்கரால் அணை கட்டி முடிக்கப்பட்டது. சிர் தாரியாவின் நீர் ஆரலின் வடபகுதியில் தேங்கியது, உப்பு குறைந்தது, கெண்டை மீன்கள் திரும்பின. கரையோரக் கிராமங்களில் மறுபடியும் வலை வீசுகிறார்கள். பிடித்த மீன் இப்போது லாரியில் ஏறி ஆரல்ஸ்குக்கு வருகிறது. அந்தத் துறைமுகத்துக்குத் தண்ணீர் இன்னும் வரவில்லை.