குடிசைக்குள் இருக்கும் குடி

நேயர்களுக்கு வணக்கம்.

குடிசை என்றதும் கீற்றுக் கூரையும் குனிந்து நுழைகிற வாசலும் நினைவுக்கு வரும். சொல்லைப் பிரித்துப் பார்த்தால் உள்ளே கூரையும் இல்லை, சிறுமையும் இல்லை, குடிதான் இருக்கிறது. வீடு, அதில் வாழும் குடும்பம், அதன் மரபு, அப்படிப் பல குடும்பங்கள் கூடிய ஊர் எல்லாமே குடிதான். குடிபுகுகிறோம், குடித்தனம் நடத்துகிறோம், குடக்கூலி கொடுக்கிறோம். காரைக்குடியிலும் மன்னார்குடியிலும் இருப்பது இதே குடி. தண்ணீர் குடிப்பது மட்டும் வேறு வேர். ஒலி ஒத்துப்போனது, அவ்வளவே.

இந்தக் குடியிலிருந்து குடில், குடிசை, குடிசல், குடிகை, குடிஞை என்று ஒரு வரிசை கிளைத்தது. குடிலைக் 'குடி + இல்' என்று பிரிக்க ஆசை வரும். புணர்ச்சி விதிப்படி அது 'குடியில்' என்றல்லவா ஆக வேண்டும்? எனவே அந்தப் பிரிப்பு நிற்காது.

பக்கத்து மொழிகளில் வேடிக்கை. தெலுங்கில் 'குடி' என்றால் கோயில், 'குடிசெ' என்றால் குடிசை. கன்னடத்திலும் 'குடி' கோயில், 'குடிசலு' குடிசை. ஒரே வேர், கடவுளுக்கு ஒரு வீடு, ஏழைக்கு ஒரு வீடு.

வடமொழியில் குடீ, குடீரம் உண்டு. அங்கிருந்து தமிழுக்கு வந்ததென்று சொல்பவர்கள் ஒன்றைக் கவனிப்பதில்லை. வடமொழிச் சொல் சிறுவீட்டோடு நின்றுவிடுகிறது. குடும்பம், குலம், ஊர் என்று விரியும் பொருள்களெல்லாம் திராவிட மொழிகளில்தான். பரோவும் எமனோவும் தொகுத்த திராவிட வேர்ச்சொல் அகராதியில் இது 1655ஆம் பதிவு. திராவிடத்திலிருந்து வடமொழி வாங்கிய இந்தக் கடன் பழையதாகத்தான் இருக்க வேண்டும்; குடீரத்தில் 'ர' விகுதி சிறுமை காட்டுகிறது என்று பழங்கால வடமொழி இலக்கண ஆசிரியர் பாணினியே விதி செய்திருக்கிறார்.

சங்கப் புலவர்கள் குடிசையைக் குரம்பை என்றார்கள். 'ஈத்திலை வேய்ந்த எய்ப்புறக் குரம்பை' என்கிறது பெரும்பாணாற்றுப்படை. ஈந்தின், அதாவது ஈச்ச மரத்தின், ஓலையால் வேய்ந்த கூரை முள்ளம்பன்றியின் முதுகுபோல் இருக்கிறதாம். கூரை வேய்ந்த கைக்கு இந்த உவமை உடனே புரியும். தென்னை மட்டையை நடுவே பிளந்து, நீரில் ஊறவைத்துப் பின்னினால் கீற்று படிந்து கிடக்கும். ஈந்தின் இலையோ குறுகல், விறைப்பு, நுனி கூர்மை. பின்னாமல் அடுக்கினால் சிலிர்த்துக்கொண்டுதான் நிற்கும்.

பின்னாளில் இந்தச் சொற்கள் உடம்பையும் குறித்தன. 'மலஞ்சோரும் ஒன்பது வாயிற் குடிலை' என்று சிவபுராணம் பாடுவது இந்த உடலைத்தான்.

இன்று உடன்பிறந்த இரண்டு சொற்களும் வெவ்வேறு தெருவில் வாழ்கின்றன. குடிலுக்கு மதிப்பு ஏறிவிட்டது: ஆசிரமக் குடில், கிறிஸ்துமஸ் குடில், மலைவாசத்தலத்தில் வாடகைக்கு விடும் சொகுசுக் குடில். குடிசையோ வறுமையின் பெயரானது. 1970இல் தொடங்கிய தமிழ்நாடு குடிசை மாற்று வாரியம் 2021இல் நகர்ப்புற வாழ்விட மேம்பாட்டு வாரியம் ஆயிற்று. பெயர்ப்பலகையிலிருந்து குடிசை போனது. அதற்குப் பதிலாக வந்த 'வாழ்விடம்', குடி என்ற சொல்லின் பழைய பொருளேதான்.