பாகோவை உருவாக்கியது வீடா, தேடலா?

நடுவர் அவர்களே, அவையோரே, வணக்கம். ஒரு கலைஞனை உருவாக்குவது பிறந்த வீடா, சொந்தத் தேடலா என்று கேட்டால், தேடல்தான் என்று அடித்துச் சொல்ல வந்திருக்கிறேன்.

எனக்கு முன்னால் பேசிய எதிரணி நண்பர், ஸ்பெயினிலிருந்து, பாட்டும் கிதாரும் காலைத் தட்டி ஆடும் ஆட்டமும் சேர்ந்த ஃபிளமென்கோ கலையின் கிதார் மேதை பாகோ தெ லூசியாவையே சாட்சிக்குக் கூட்டிவந்துவிட்டார். "அப்பா கிதார், அண்ணன் ரமோன் கிதார், இன்னொரு அண்ணன் பெப்பே பாட்டு. அந்த வீட்டில் பிறந்தவர் வேறென்ன ஆவார்?" என்றார். நல்ல கைதட்டல். நானும் தட்டினேன், பேச்சு அவ்வளவு அழகு. நியாயம்தான் கொஞ்சம் குறைவு.

சரி, அந்த வீட்டுக்கே போவோம். பாகோ 1947இல் அல்ஹெசிராஸ் என்ற துறைமுக நகரில் பிறந்தவர். அப்பா அன்டோனியோ, வருமானம் போதாமல் இரவில் கிதார் வாசித்துச் சம்பாதித்தவர். மகனைப் பள்ளியிலிருந்து நிறுத்தி, மணிக்கணக்கில் கிதாரோடு உட்கார வைத்தார். இதை நான் மறுக்கவில்லை. விரலுக்கு வேகம் தந்தது அந்த வீடுதான்.

ஆனால் ஐயா, அதே அப்பா, அதே கிதார் ரமோனுக்கும் கிடைத்ததே! ரமோன் நல்ல வாசிப்பாளர். அன்றைக்கு எல்லோரும் கொண்டாடிய கிதார் கலைஞர் நீன்யோ ரிக்கார்டோவின் மெட்டுகளைத் தம்பிக்குச் சொல்லிக்கொடுத்தார். தம்பி என்ன செய்தான்? தன் இஷ்டத்துக்கு மாற்றி வாசித்தான். அண்ணனுக்கு முதலில் கோபம், அப்புறம் வியப்பு. பதின்வயதில் பாகோ நடனக் குழுவோடு அமெரிக்கா போனபோது, சபிகாஸ் என்ற பெரிய கிதார் கலைஞர், அடுத்தவர் இசையை விட்டுவிட்டு உன் இசையை வாசி என்று புத்தி சொன்னார். நடுவர் குறித்துக்கொள்ள வேண்டும்: சபிகாஸ் சித்தப்பாவும் இல்லை, தாய்மாமனும் இல்லை.

1970களின் பிற்பகுதியில் பாகோ பெரு நாட்டுக்குக் கச்சேரிக்குப் போனார். அங்கே கஹோன் என்று ஒரு மரப்பெட்டி. அடிமைகளாகக் கொண்டுவரப்பட்ட ஆப்பிரிக்கர்களின் வழியில் வந்த வாத்தியம். வாசிப்பவர் அதன் மேலேயே உட்கார்ந்து, குனிந்து முன்பலகையைத் தட்டுவார். நடுவில் தட்டினால் கும்மென்று இருக்கும். மேல் விளிம்பில் தட்டினால் சுளீரென்று கேட்கும். ஆடுபவர் காலடி இதில் கேட்கிறதே என்று பாகோவின் காதுக்குப் பட்டது. ஒன்றை வாங்கிக்கொண்டு ஊர் வந்து சேர்ந்தார். இன்றைக்குக் கஹோன் இல்லாத ஃபிளமென்கோ மேடையைப் பார்ப்பது அபூர்வம்.

இசைக்குறிப்பு வாசிக்கத் தெரியாத மனிதர், 1991இல், 43 வயதில், ஸ்பெயின் இசையமைப்பாளர் ரோட்ரிகோ கிதாருக்கும் ஆர்கெஸ்ட்ராவுக்குமாக எழுதிய அரான்ஹுவெஸ் கான்செர்ட்டோவைக் கற்றுக்கொண்டு ஆர்கெஸ்ட்ராவோடு வாசித்தார். எழுதிய ரோட்ரிகோவே எதிரில் உட்கார்ந்து கேட்டார். இது எந்தப் பாட்டன் எழுதிவைத்த சொத்து?

மணி அடித்துவிட்டீர்கள், முடித்துக்கொள்கிறேன். அடுத்து வரும் எதிரணி அம்மா ஒன்றே ஒன்றுக்குப் பதில் சொல்லட்டும்: அந்தப் பெட்டி அல்ஹெசிராஸ் வீட்டில் எந்த மூலையில் இருந்தது?