பேக்மேன் ஏன் திறக்க மறுக்கிறது?

அடுத்த கேள்வி. "ராஸ்பெரி பை என்ற குட்டிக் கணினியில், பழைய வீடியோ கேம்களை ஆடவைக்கும் ரெட்ரோபை மென்பொருளை நிறுவி, பேக்மேன் ஜிப் கோப்பைப் போட்டேன். ஒரு நொடி திரை இருண்டு, மறுபடி பட்டியலுக்கே வந்துவிடுகிறது. மூன்று இடங்களில் எடுத்துப் பார்த்துவிட்டேன். எல்லாமே கெட்டுப்போனவையா?"

இல்லை. நான்காவது இடத்தைத் தேடாதீர்கள். உங்கள் எமுலேட்டர், அதாவது பழைய ஆட்ட இயந்திரத்தைப் போல நடிக்கும் நிரல், எந்தப் பதிப்பு என்று முதலில் பாருங்கள். ஆர்கேட் ஆட்டங்களுக்கான எமுலேட்டரான மேம் 1997இல் வெளிவந்ததிலிருந்து, பழைய ஆட்ட இயந்திரங்களின் மின்பலகைகளில் உள்ள சிப்களைத் திரும்பத் திரும்பப் படித்துத் திருத்திக்கொண்டே இருக்கிறார்கள். அதற்கேற்பக் கோப்புகளும் மாறுகின்றன. ரெட்ரோபையில் உள்ள மேம் 2003 கேட்பது மேமின் 0.78 பதிப்புக்கான கோப்புத் தொகுப்பு, மேம் 2010 கேட்பது 0.139. மாற்றிப் போட்டாலும் சில ஆட்டங்கள் ஓடிவிடும். ஆளை ஏமாற்றுவதே அதுதான்!

பதிப்பு பொருந்தியும் பேக்மேன் அடம்பிடித்தால், பெரும்பாலும் அதன் மூலக் கோப்பு இல்லை என்று பொருள். நாம்கோ 1980இல் ஜப்பானில் வெளியிட்ட பக்மேன்தான் மேமின் கணக்கில் மூலம். அமெரிக்காவில் மிட்வே விற்ற பேக்மேன் அதன் குளோன், அதாவது மாற்று வடிவம். 'ஸ்ப்ளிட்' தொகுப்பில் குளோனின் ஜிப்புக்குள் மாறுபடும் கோப்புகள் மட்டுமே இருக்கும். பிழைப் பதிவைத் திறந்து பாருங்கள், '82எஸ்123.7எஃப் கிடைக்கவில்லை' என்று ஒரு வரி இருக்கும். நிறங்களை வைத்திருக்கும் சிப்பின் நகல் அது. மொத்தமே 32 பைட்! அது பக்மேன் ஜிப்பில் இருக்கிறது.

இந்தத் தலைவலி வேண்டாமென்றால் 'நான்-மெர்ஜ்டு' தொகுப்பாகத் தேர்ந்தெடுங்கள். இடம் கூடுதலாகப் பிடிக்கும், ஆனால் குளோனுக்கு மூலத்தின் ஜிப் தேவைப்படாது. நியோ ஜியோ என்ற இயந்திரத்தின் ஆட்டங்களுக்கு, அவை எல்லாவற்றுக்கும் பொதுவான நியோஜியோ ஜிப்பையும் அதே கோப்புறையில் வையுங்கள். ஆயிரக்கணக்கில் அள்ளிக் கொட்டிவிட்டு அழிப்பதைவிட, உண்மையில் ஆடப்போகிற பத்தோடு தொடங்குவது நல்லது. நான் அள்ளிக் கொட்டியவன், அதனால் சொல்கிறேன்.

ஜிப்பைப் பிரிக்காதீர்கள், பெயரையும் மாற்றாதீர்கள். நம் ஊரில் 'முஸ்தபா' என்று ஆடினோமே, அது கேப்காமின் காடிலாக்ஸ் அண்ட் டைனோசார்ஸ். அதன் கோப்புப் பெயர் வெறும் 'டைனோ'. ஆசையாக முஸ்தபா என்று மாற்றினால் எமுலேட்டருக்கு அவர் யாரென்றே தெரியாது. திரையில் முஸ்தபா என்று தெரிய வேண்டுமானால், பட்டியலில் அந்த ஆட்டத்தின் விவரங்களைத் திருத்தும் இடத்தில் பெயரை மாற்றுங்கள். கோப்பைத் தொட வேண்டியதில்லை.