வாளித் தண்ணீரில் ஒரு முகம்

நண்பர்களே, வணக்கம்.

இன்றைய படமான 'லாத்தலாந்த்'தை எடுத்த பிரெஞ்சு இயக்குநர் ழான் விகோவைப் பற்றிப் பலரும் பேசிவிட்டார்கள். அதில் நடித்தவரைப் பற்றி நான் கொஞ்சம் பேச ஆசைப்படுகிறேன். ழான் தஸ்தே. முகத்தைப் பார்த்தால் ஞாபகம் வரும், பெயரைச் சொன்னால் யாருக்கும் தெரியாது.

1904இல் பாரிஸில் பிறந்தவர். நாடகம்தான் அவருக்குத் தாய்வீடு. ழாக் கொப்போ என்ற நாடக ஆசானிடம் பயின்று, பிரான்சின் பர்கண்டி பகுதிக் கிராமங்களில் ஆடிய அவருடைய குழுவோடு அலைந்தார். ஆசானின் மகளையே மணந்தார். அங்கே முகமூடிப் பயிற்சி முக்கியம். முகத்தை மூடிவிட்டால் கையும் காலும் முதுகும்தானே பேசியாக வேண்டும்!

அந்த உடம்பை விகோ கண்டுகொண்டார். 1933இல் எடுத்த 'நடத்தைக்குப் பூஜ்யம்' படத்தில் தஸ்தே விடுதிப் பள்ளியின் புதுக் கண்காணிப்பாளர். பையன்களுக்குச் சாப்ளின் போல நடந்து காட்டுவார். மேசைமேல் தலைகீழாக நின்றபடியே படம் வரைவார். பள்ளிக்கூடத்தை எதிர்த்துப் பிள்ளைகள் கிளம்பும் கதை. பிரான்சில் தடை செய்தார்கள். இரண்டாம் உலகப் போர் முடிந்த பிறகுதான் தடை நீங்கியது.

அடுத்த வருடம் 'லாத்தலாந்த்'. நாம் பார்க்கப்போவது இதுதான். தஸ்தே சரக்குப் படகின் தலைவன். தண்ணீருக்குள் கண்ணைத் திறந்தால் மனதுக்குப் பிடித்தவரின் முகம் தெரியும் என்கிறாள் புது மனைவி. இவன் விளையாட்டாக வாளிக்குள் தலையை முக்குகிறான். பிறகு அவள் பிரிந்து போகிறாள். ஒருநாள் திடுதிப்பென்று ஆற்றில் குதித்துவிடுகிறான். நீருக்கடியில் கண்ணை அகல விரித்துத் தேடுகிறான். கல்யாண உடையில் அவள் சிரித்தபடி மிதந்து வருகிறாள். அங்கே தஸ்தேவுக்கு ஒரு வசனம்கூடக் கிடையாது. காதலைத் திரையில் இதைவிட நன்றாக யாரும் நடித்து நான் பார்த்ததில்லை.

அந்தப் படத்தை வெட்டிக் குதறி, பெயரையும் மாற்றி வெளியிட்டார்கள். அதே 1934 அக்டோபரில் விகோ இறந்துபோனார். வயது 29.

இயக்குநர் ரெனுவாரின் 'மாபெரும் மாயை'யில் பள்ளி ஆசிரியரான ஒரு போர்க்கைதியாக தஸ்தே வருகிறார். ஆனால் போருக்குப் பின் அவர் மனம் போனது வேறு திசையில். 1947இல் சேன்த்-எத்தியென் நகரத்தில் நாடகக் குழு தொடங்கினார். நிலக்கரிச் சுரங்கத் தொழிலாளர்கள் வாழ்ந்த ஊர் அது. அக்கம்பக்கத்து ஊர்களுக்கெல்லாம் நாடகத்தைக் கொண்டுபோனார். இருபது வருடங்களுக்கு மேல் அதுவே அவருடைய வேலை. சினிமாவை விட்டு ஒதுங்கிவிட்டார் என்று வருத்தப்படுவோரோடு எனக்கு உடன்பாடில்லை. தன் ஊரில் மேடையே பார்த்திராத ஒரு சுரங்கத் தொழிலாளி முன்வரிசையில் வந்து உட்கார்ந்ததை எந்தக் கணக்கில் சேர்ப்பது?

பின்னால் வந்த இயக்குநர் த்ரூஃபோ அவரை மறக்கவில்லை. 1970இல் 'காட்டுச் சிறுவன்' படத்தில் மருத்துவர் பினெல் வேடம் கொடுத்தார். இன்னொரு இயக்குநரான அலென் ரெனேயும் தன் படங்களுக்குக் கூப்பிட்டுக்கொண்டே இருந்தார். 1994இல், தொண்ணூறு வயதில், தஸ்தே காலமானார்.

விளக்கை அணைக்கப் போகிறார்கள். வாளியிலிருந்து தலையை எடுக்கும்போது ஈரம் சொட்டும் அந்த முகத்தைப் பாருங்கள். ஆற்றுக்குள் அதே முகம் மறுபடி வரும்.