அம்பாறைக் கடையில் 500 ரூபாய்

நடுவர் அவர்களே, கல்முனைச் சபையோரே, வணக்கம். 'மொழி பழகத் துணை நிற்பது செயலியா, சந்தையா?' என்பது கேள்வி. செயலியே என்று பேச வந்திருக்கிறேன்.

எதிரணி அண்ணன் நன்றாகத்தான் கேட்டார்: "எங்கள் வியாபாரிகள் எந்த ஆப்பைப் பார்த்துச் சிங்களம் பேசினார்கள்?" சரி, ஒருவரும் பார்க்கவில்லை. ஆனால் அவர்கள் இருபது வருடம் கடையில் நின்றவர்கள். எனக்குக் கிடைப்பது அம்பாறை பஸ்ஸில் உட்கார்ந்திருக்கும் நேரம் மட்டும்தான்.

கச்சேரியில், அதாவது மாவட்டச் செயலகத்தில், ஒரு அலுவலாக, சிங்களம் பேசும் அம்பாறை நகருக்கு முதன்முதல் தனியாகப் போனேன். ஒரு கடையில் சாமானைக் காட்டி, "கீயத?" என்று கெட்டிக்காரியாக விலை கேட்டேன். கடைக்காரர் கடகடவென்று ஏதோ சொன்னார். 500 ரூபாய்த் தாளை நீட்டி, தந்த மிச்சத்தை எண்ணாமல் வாங்கிக்கொண்டு வந்தேன். கேட்கத் தெரிந்தது, பதில் விளங்கவில்லை. சந்தை எனக்குக் கற்றுத் தந்தது அவ்வளவுதான். இன்னொரு தடவை சொல்லுங்கள் என்று எத்தனை தரம் கேட்கலாம்? பின்னால் வரிசை நிற்கிறதே!

டுவோலிங்கோ என்ற மொழிச் செயலியின் பச்சை ஆந்தையிடம் ஏச்சு வாங்குவதுதான் மிச்சம் என்றார் அண்ணன். டுவோலிங்கோவில் சிங்களமே இல்லை என்பதையும் சேர்த்துச் சொல்லியிருக்கலாம். அதில் 120 நாள் விடாமல் கொரிய மொழி தட்டியவள் நான். நாள் கணக்கு ஏறியது, வாய் திறக்கவில்லை. அந்தக் குற்றம் என்னுடையது. எண்ணிக்கையைக் காப்பாற்றினேனே தவிர, ஒரு வசனத்தையும் உரக்கச் சொல்லவில்லை.

அப்புறம்தான் அங்கிக்கு மாறினேன். உடுப்பு இல்லை நடுவர் அவர்களே, அது ஒரு செயலி. ஆண்ட்ராய்டில் இலவசம். கேள்வி-பதில் அட்டைகளை நாமே போடலாம், குரலும் சேர்க்கலாம். தெரிந்த அட்டை சில நாள் தள்ளி வரும், தவறியது உடனே திரும்பி வரும். எபிங்ஹவுஸ் என்ற ஜெர்மானியர் பொருளில்லாத அசைகளைத் தானே மனப்பாடம் செய்து, மறதியின் வேகத்தை அளந்து 1885 இல் எழுதினார். இடைவெளி விட்டு மீட்டினால் மனதில் நிற்கும் என்பதும் அந்த ஆராய்ச்சியில் இருக்கிறது. அதைத்தான் இந்தச் செயலி கணக்காகச் செய்கிறது.

என்னுடன் வேலை செய்யும் சிங்களத் தங்கையை நங்கி என்றுதான் கூப்பிடுவேன். எண்களையெல்லாம் அவள் குரலில் பதிந்தேன். எகசிய பனஹ என்றால் நூற்றைம்பது, தெசிய என்றால் இருநூறு என்று. பஸ்ஸில் காதில் மாட்டிக்கொண்டு, உதட்டை அசைத்துத் திருப்பிச் சொல்வேன். பக்கத்தில் இருந்த அம்மா, "என்ன மனே, மந்திரமா?" என்று கேட்டார்.

இன்னொன்று. சிங்களத்தில் மலைக்கும் 'கந்த', மரத்தின் அடிக்கும் 'கந்த'. நம் எழுத்தில் இரண்டும் ஒன்று. அவர்கள் வாயில் மரத்தின் அடியைச் சொல்லும்போது அந்த 'ந்' பாதியிலேயே நழுவிவிடும். புத்தகத்தில் இது பிடிபடாது. கடைக்காரர் பத்துத் தரம் சொல்லிக் காட்டமாட்டார். பதிவு அலுக்காமல் சொல்லும்.

போன மாதம் அதே கடைக்குப் போனேன். "எகசிய பனஹய்" என்றார். நூறும் ஐம்பதும் எடுத்து வைத்தேன். அவர் சிரித்துவிட்டு, "மல்லக் ஓனத?" என்று கேட்டார். விழித்தேன். பையைத் தூக்கிக் காட்டினார்.

அன்றிரவே அதற்கும் ஒரு அட்டை போட்டாயிற்று. மணி அடிக்கிறீர்கள், அமர்கிறேன்.