சேர்ந்த தேதியில் சிக்கும் பணிக்கொடை

நேயர்களுக்கு வணக்கம். ஓய்வு பெற்ற தொழிலாளிக்குச் சேர வேண்டிய பணிக்கொடை, அதாவது கிராஜுவிட்டி, ஏன் ஆண்டுக்கணக்கில் வழக்கில் கிடக்கிறது என்பதைப் பற்றி இன்று பேச வந்திருக்கிறேன்.

2025 நவம்பரில் சமூகப் பாதுகாப்புச் சட்டத் தொகுப்பு நடப்புக்கு வரும்வரை இருந்தது 1972ஆம் ஆண்டின் பணிக்கொடைச் சட்டம்; அதுவரை ஓய்வு பெற்றவர்களின் வழக்குகளைப் பற்றியே பேசுகிறேன். அந்தச் சட்டம் போடச் சொல்வது எளிய கணக்கு. கடைசியாக வாங்கிய அடிப்படைச் சம்பளத்தையும் பஞ்சப்படியையும் கூட்டி, 26ஆல் வகுத்து, 15ஆல் பெருக்கி, வேலை பார்த்த ஆண்டுகளால் பெருக்கினால் தொகை வந்துவிடும். தொழிலாளி விண்ணப்பித்தாலும் விண்ணப்பிக்காவிட்டாலும் நிர்வாகமே அதைக் கணக்கிட்டு, 30 நாட்களுக்குள் வழங்கியாக வேண்டும்.

வழக்கு மூள்வது அந்த ஆண்டுகளை எண்ணும்போதுதான். மாதம் 15,600 ரூபாய் வாங்கிய பஞ்சாலைத் தொழிலாளி ஒருவர் 21 ஆண்டு 7 மாதம் வேலை பார்த்திருந்தால், ஆறு மாதத்துக்கு மேற்பட்ட காலம் முழு ஆண்டாகச் சேர்வதால், 22 ஆண்டுக்கு 1,98,000 ரூபாய் அவருக்கு வர வேண்டும். நிர்வாகமோ, முதல் 13 ஆண்டுகள் அவர் ஒப்பந்தக்காரரின் ஆள், எங்கள் பதிவேட்டில் பெயர் ஏறியது அதற்குப் பிறகுதான் என்று சொல்லி, 9 ஆண்டுக்கு 81,000 ரூபாயோடு நிறுத்திக்கொள்ளும். அந்த 13 ஆண்டுகளும் அதே ஆலைக்குள், அதே எந்திரத்தின் முன் நின்றவர் அவர். அதை மெய்ப்பிக்க அவர் கையில் இருப்பது மடிப்பு கிழிந்த ஓர் இ.எஸ்.ஐ. அட்டையும் மை மங்கிய சில சம்பளச் சீட்டுகளுமே. வருகைப் பதிவேடு நிர்வாகத்தின் அலமாரியில் இருக்கிறது. ஆனால் இந்த வழக்குகளை விசாரிக்கும் தொழிலாளர் துறையின் கட்டுப்பாட்டு அதிகாரிக்கு, ஆவணங்களை வரவழைப்பதில் உரிமையியல் நீதிமன்றத்துக்குள்ள அதிகாரம் உண்டு. ஆகவே பதிவேட்டைக் கொண்டுவரச் சொல்லி முதல் விசாரணையிலேயே மனுப் போட்டுவிட வேண்டும். பல வழக்குகளின் போக்கை அந்த ஒரு மனு மாற்றிவிடும்.

அதிகாரியின் உத்தரவை எதிர்த்து மேல்முறையீடு செய்யும் நிர்வாகம், உத்தரவிட்ட பணிக்கொடைத் தொகையை முதலில் செலுத்தியாக வேண்டும். இந்தச் சட்டத்தில் தொழிலாளிக்குக் கிடைத்த பெரிய பாதுகாப்பு இதுதான் என்பது என் எண்ணம். உத்தரவுக்குப் பிறகும் தராவிட்டால், மாவட்ட ஆட்சியர் வழியாக நிலவரி பாக்கியைப் போல வசூலிக்கலாம்.

வட்டியைப் பற்றியும் சொல்ல வேண்டும். தாமதத்துக்கு ஆண்டுக்கு 10 விழுக்காடு தனிவட்டி உண்டு. அதைக் கொடுப்பது கட்டாயம் என்று உச்ச நீதிமன்றம் 2003ஆம் ஆண்டிலேயே தீர்ப்பளித்திருக்கிறது. அப்படியிருந்தும், வட்டியை விட்டுக்கொடுத்தால் அசலை நாளைக்கே தருகிறோம் என்று பேரம் பேசுகிறார்கள். மகள் கல்யாணமோ மருத்துவச் செலவோ கழுத்தை நெரிக்கும் நேரத்தில் தொழிலாளியும் கையெழுத்துப் போட்டுவிடுகிறார். தன் பணத்தை இத்தனை காலம் பிறர் வைத்து ஆண்டதற்கான வட்டியை அவர் இழப்பது அநியாயம்.

கெடு தாண்டிவிட்டது என்று எண்ணி வீட்டிலேயே இருந்துவிட்டவர்களும் பலர். விண்ணப்பிக்கப் பிந்திவிட்டது என்பதற்காக மட்டும் பணிக்கொடை உரிமை செல்லாமல் போவதில்லை என்று விதிகளே கூறுகின்றன. தாமதத்துக்குத் தக்க காரணம் காட்டினால் அதிகாரி மனுவை ஏற்கலாம். பணியில் இருக்கும்போதே கணவரை இழந்த பெண்களும் இதைக் கவனிக்க வேண்டும்: பணிக்கொடை பெறப் பொதுவாக ஐந்தாண்டுப் பணி நிறைந்திருக்க வேண்டும்; ஆனால் இறப்பு நேர்ந்த இடத்தில் அந்த நிபந்தனை கிடையாது.